வலிக்கும் வலிக்கும் நடுவே ஓர் உதை

கம்பத்திலிருந்து விடியுமுன் ஜீப் ஏறி, குமுளி மலைமேல் ஏலத்தோட்டத்துக்குப் போகிற பெண்களில் என் தங்கையும் ஒருத்தி. பிரசவ வார்டில் அவள் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு கேட்டாள்: "அக்கா, புள்ள அசையுறதே தெரியலயே?" பக்கத்துக் கட்டிலுக்குத் துணையாக வந்த பாட்டி, "வலி வந்தா புள்ள அடங்கிரும் தாயி" என்று தேற்றினார்.

அன்பான பேச்சுதான், ஆனால் தவறு. வலி எடுத்த பிறகும் குழந்தை அசையும். நமக்குத்தான் பிடிபடுவதில்லை.

வலி உச்சத்தில் இருக்கும்போது வயிற்றில் கை வைத்துப் பாருங்கள், நெற்றியைத் தொட்டதுபோல் கெட்டியாக இருக்கும். அந்த இறுக்கத்தில் சின்ன உதை எப்படித் தெரியும்? கர்ப்பப்பைத் தசை இறுகும்போது அதனூடே போகிற ரத்தக்குழாய்களும் நெரிபடுகின்றன. அந்த நேரம் நஞ்சுக்கொடியில் தேங்கியிருக்கும் ரத்தத்தின் ஆக்ஸிஜனை வைத்துத்தான் குழந்தை சமாளிக்கிறது. தசை தளர்ந்ததும் புது ரத்தம் பாயும். வலி நன்றாகப் பிடித்த பிறகு பத்து நிமிடத்துக்கு 3, 4 முறை இப்படி இறுகும். ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஒரு நிமிடம். ஆக, அசைவைத் தேட வேண்டியது நடுவில் கிடைக்கும் அந்த இடைவெளியில்தான்.

உதை மட்டும்தான் அசைவு என்றில்லை. இடுப்பெலும்பின் மேல்வாய் பக்கவாட்டில் அகலம், கீழ்வாய் முன்பின்னாக அகலம். அதனால் பெரும்பாலும் பக்கம் பார்த்து இறங்கும் தலை, மெல்லத் திரும்பி அம்மாவின் முதுகைப் பார்க்கிறது. உள்ளே ஏதோ உருளுவதுபோல் சிலருக்கு அது தெரியும்.

அப்புறம், குழந்தை தூங்கவும் செய்யும், பிரசவத்தின் நடுவிலும்கூட! ஒரு தூக்கம் பெரும்பாலும் 20 முதல் 40 நிமிடம், 90 நிமிடத்தைத் தாண்டுவது அபூர்வம். ஆனால் ஆக்ஸிஜன் குறைந்தாலும் குழந்தை அசைவைக் குறைத்துக்கொள்ளும். இது தூக்கமா, தவிப்பா என்று வெளியிலிருந்து நாமே முடிவுகட்ட முடியாது. அதற்காகத்தான் 15 முதல் 30 நிமிடத்துக்கு ஒருமுறை இதயத்துடிப்பைக் கேட்கிறார்கள். நிமிடத்துக்கு 110 முதல் 160 வரை இருந்தால் இயல்பு. அசையும்போது துடிப்பு கொஞ்சம் ஏறினால் இன்னும் நல்லது.

தங்கையை இடப்பக்கம் ஒருக்களிக்க வைத்து, குழந்தையின் துடிப்பைக் கேட்கும் டாப்ளர் கருவியை சிஸ்டர் வயிற்றில் அழுத்தினார். குதிரை ஓடுகிற மாதிரி ஒரு சத்தம். அடுத்த வலி அடங்கியதும் வலது விலாவுக்குக் கீழே தோல் ஒருமுறை மேடிட்டது. "இந்தா, உதைக்குதுக்கா!"

வீட்டிலோ தோட்டத்திலோ வலி தொடங்கி, அசைவு குறைந்ததாகத் தோன்றினால் ஜீப் திரும்பும்வரை காத்திருக்காதீர்கள். 108-ஐக் கூப்பிட்டு, வலியைச் சொல்வதோடு அசைவு குறைந்ததையும் சொல்லுங்கள்.