உண்ணிச்செடி: அரிவாளை வைத்துவிட்டுப் பிக்காசை எடுங்கள்

மஞ்சளும் இளஞ்சிவப்புமாக ஒரே கொத்தில் பூக்கும் உண்ணிச்செடி கலப்பில் பிறந்தது. வெப்பமண்டல அமெரிக்காவின் லாந்தானா இனங்கள் பலவற்றை ஐரோப்பியத் தோட்டக்காரர்கள் பூ அழகுக்காகக் கலந்ததில் உருவானவைதான் இன்று காட்டை அடைத்து நிற்கின்றன. 1800களின் தொடக்கத்தில் கல்கத்தா தாவரவியல் பூங்காவுக்கு வந்தது, வேலி தாண்டிவிட்டது.

இந்தக் கலப்புதான் நமக்குத் தலைவலி. குரோமோசோம் எண்ணிக்கைகூட ரகத்துக்கு ரகம் மாறும். ஒரு ரகத்தைத் தின்று தீர்க்கும் பூச்சி பக்கத்து ரகத்தைச் சீண்டாமல் போய்விடும். ஹவாயில் 1902-லேயே பூச்சிகளை விட்டுப் பார்த்தார்கள்; அதன்பின் பல நாடுகளும் முயன்றன. பெரும்பாலான இடங்களில் செடி அசையவில்லை.

எனவே வேரைத்தான் பார்க்க வேண்டும். தண்டும் வேரும் சேரும் கழுத்தில் உறங்கும் மொட்டுகள் இருக்கின்றன. தரையோடு அரிந்தால் ஒரு தண்டு போன இடத்தில் நாலைந்து துளிர்க்கும். தீ வைத்தாலும் இதே கதைதான். இருவர் நீளக் கம்பால் புதரை ஒருபக்கம் நெம்பிப் பிடிக்க, இன்னொருவர் பிக்காசால் கழுத்துக்குக் கீழே, மண்மட்டத்திலிருந்து சுமார் 3 முதல் 5 செ.மீ. ஆழத்தில் ஆணிவேரைத் துண்டிக்க வேண்டும். பழைய புதர்களில் கழுத்து தடித்து இன்னும் கீழே இறங்கியிருக்கும். மண்ணை விலக்கிப் பார்த்துவிட்டு ஓங்குங்கள். வெட்டிய புதரை வேர் வானம் பார்க்கத் தலைகீழாகக் கவிழ்த்து வையுங்கள். அப்படியே சாய்த்துப் போட்டால் ஈரமண்ணில் படும் கணுக்கள் வேர்விடும்.

மழையில் மண் இளகிய நேரம், காய்கள் கறுக்குமுன் செய்வது நல்லது. ஜேசிபி வேண்டாம்: மண்ணைப் புரட்டினால் புதைந்திருக்கும் விதைகள் மேலே வந்து முளைக்கும்.

வேலை கெடுவது பெரும்பாலும் இதற்குப் பிறகுதான். புதர் போனதும் பணமும் ஆளும் போய்விடும். பழத்தைத் தின்ற கொண்டைக்குருவியும் மைனாவும் வந்து அமர்ந்து விதையைப் போடும் மரங்களின் அடியில்தான் கன்றுகள் கூட்டமாக முளைக்கும். முதலில் அங்கே தேடுங்கள். நாற்சதுரத் தண்டு, சொரசொரப்பான எதிரிலைகள், கசக்கினால் நெடி: இவை அடையாளம். குறைந்தது அடுத்த இரண்டு மூன்று மழைக்காலங்களுக்குக் கையால் பிடுங்க வேண்டும். காலியான இடத்தில் அந்தப் பகுதியின் புல்விதையைத் தூவாவிட்டால் பார்த்தீனியம் என்ற இன்னொரு களை வந்து உட்காரும்.

குச்சிகள் வீணாகாது. நீலகிரியின் கூடலூர்ப் பகுதிப் பழங்குடியினர் இவற்றில் நிஜ யானை அளவுக்கு யானைச் சிற்பங்களே செய்கிறார்கள். ஆனால் நல்ல குச்சிக்காக மேலோடு வெட்டாமல், வேர் அறுத்த புதரிலிருந்தே எடுக்கச் சொல்லுங்கள்.

இலையைத் தின்ற மாட்டுக்கு ஈரல் கெட்டு, வெயில் பட்ட மூக்கும் காதும் புண்ணாகும். உடனே நிழலுக்கு மாற்றிக் கால்நடை மருத்துவரை அழையுங்கள். வயிற்றில் தங்கிய இலையிலிருந்து நஞ்சு தொடர்ந்து இறங்கிக்கொண்டிருக்கும்.