போள்: வாயிலைக் குறித்த சொல் வளவைக் குறித்த கதை

அகமதாபாத்தின் பழைய நகரைப் பற்றித் தமிழில் வரும் செய்திகளில் ‘போல் வீடுகள்’ என்றொரு தொடர் காணப்படுகிறது. ஆங்கில எழுத்துக்கூட்டலைப் பார்த்து எழுதியதால் நேர்ந்த பிழை அது. குஜராத்தியில் அச்சொல்லின் இறுதியில் நிற்பது நம் ளகரத்துக்கு நேரான எழுத்து. மராத்தியைப் போலவே குஜராத்தியும் ளகர ஒலியை இழக்காமல் வைத்திருக்கும்போது, அதே எழுத்தைக் கையில் வைத்துக்கொண்டு நாம் உவம உருபைப் போல் ‘போல்’ என்று எழுதுவது வீண். ‘போள்’ என்பதே சரியான வடிவம். பிளத்தலைக் குறிக்கும் நம் ‘போழ்’ என்ற வினைக்கும் இதற்கும் எந்த உறவும் இல்லை. ஒலி நெருக்கத்தைக் கண்டு வேர் கற்பிக்கத் தேவையில்லை.

போள் என்பது பொதுவாயில் ஒன்றுக்குள் அடங்கிய வீடுகளின் தொகுதி. பெருந்தெருவிலிருந்து வாயிலின் வழியே நுழைந்தால் ஒரு குறுகிய பாதை செல்லும்; அது கிளைத்துக் கிளைத்துப் பல இடங்களில் முட்டுச்சந்தாக முடியும். பாதையின் இரு புறமும் பொதுச்சுவரோடு ஒட்டிய, மரச்சட்டமும் செங்கல்லும் கொண்ட இரண்டு மூன்று அடுக்கு வீடுகள் நிற்கும். அவற்றின் முன்னே ‘ஓட்லோ’ எனப்படும் திண்ணை, உள்ளே ‘சோக்’ எனப்படும் முற்றம், பல வீடுகளில் முற்றத்துக்குக் கீழே மழைநீரைத் தேக்கும் ‘டாங்கு’ என்னும் நிலத்தடித் தொட்டி. பாதை அகலும் இடத்தில் பறவைகளுக்குத் தீனி வைக்கச் செதுக்கு வேலைப்பாட்டுடன் தூண்மேல் நிறுத்திய ‘சபூத்ரோ’ இருக்கும். போளுக்குள் அடங்கிய சிறு தொகுதியைக் ‘கட்கி’ என்பர். சிறிய கதவையும் அந்தச் சொல்லே குறிக்கும். ஆகப் பெரிய தொகுதியும் சிறிய தொகுதியும் நுழைவிடத்தைக் கொண்டே பெயர் பெற்றிருக்கின்றன. அந்த நகரத்தார் குடியிருப்பை எதைக் கொண்டு அடையாளம் கண்டார்கள் என்பதை இந்தப் பெயர்களே சொல்லிவிடுகின்றன.

இனி வேரைப் பார்ப்போம். வடமொழியில் ‘ப்ரதோலீ’ என்றொரு சொல் உண்டு. அது பிராகிருதத்தில் இடைத் தகரத்தை இழந்து ‘பஓலீ’ ஆயிற்று. இரண்டு உயிர்களும் இணைந்து குஜராத்தியில் ‘போள்’ என நின்றது. நூறைக் குறிக்கும் ‘சத’ என்ற சொல் இடைத் தகரம் நீங்கி இந்தியில் ‘சௌ’ ஆனதும் இதே வழியில்தான். கோட்டை அமைப்பைக் கூறும் இடத்தில் அர்த்தசாஸ்திரம், இரண்டு காவல் கோபுரங்களுக்கு நடுவே மேல்மாடத்துடன் கூடிய ப்ரதோலியைக் கட்ட வேண்டும் என்கிறது. வடமொழி நிகண்டான அமரகோசமோ ‘ரத்யா ப்ரதோலீ விசிகா’ என்று அதைத் தெருவின் பெயர்களுள் ஒன்றாக வைக்கிறது. வாயில், வாயிலுக்குள் செல்லும் வழி என இரு பொருளும் தொன்றுதொட்டே இச்சொல்லில் ஒட்டியிருந்தன என்பது இதனால் விளங்கும்.

இந்தி எழுத்தில் ‘போல்’ என்று வழங்கும் இராஜஸ்தானில் முதற்பொருளே நிலைத்தது. சித்தூர்க் கோட்டையின் ராம் போல், சூரஜ் போல், ஜோத்பூர் மெஹ்ரான்கட்டின் ஜெய் போல் எல்லாம் வெறும் வாயில்களே. அகமதாபாத்தில் 1411-இல் முதலாம் அகமது ஷா நிறுவிய நகரைச் சூழ்ந்த மதிலின் பெருவாயில்களுக்குப் பாரசீகச் சொல்லான ‘தர்வாஜா’ வழங்கியது. தில்லி தர்வாஜா, சாரங்பூர் தர்வாஜா, ராய்ப்பூர் தர்வாஜா என இன்றும் அவை பெயர் சொல்லி நிற்கின்றன. ‘போள்’ என்னும் பழைய சொல் நகருக்குள்ளே இருந்த சிறு வாயில்களுக்கு உரியதாகி, வாயிலிலிருந்து மெல்ல நகர்ந்து அதற்குள் குடியிருந்தோரின் இடம் முழுவதையும் குறிக்கத் தொடங்கியது. 18-ஆம் நூற்றாண்டில் முகலாயர் ஆட்சி தளர்ந்து மராத்தியர் புகுந்த குழப்பமான காலத்தில் இந்த வாயில்கள் மக்களின் உயிருக்கும் பொருளுக்கும் காவலாயின. இரவில் கதவடைப்பார்கள், வாயிலுக்கு மேலுள்ள சிறு அறையில் காவலாள் இருப்பான். அர்த்தசாஸ்திரம் சொன்ன மேல்மாடத்தை அந்த அறையில் கண்டால் அது மிகையாகாது.

கதவோடு ஒரு கட்டுப்பாடும் சேர்ந்திருந்தது. போளுக்கென ஒரு பஞ்சாயத்து இருந்தது; வீட்டை வெளியாருக்கு விற்பதற்கு முன் உள்ளே இருப்போரைக் கேட்க வேண்டும் என்ற வழக்கமும் இருந்தது. ஒரே சாதியாரோ ஒரே தொழிலாரோ சேர்ந்து வாழ்ந்த போள்கள் பல. அந்த அடைப்பு பாதுகாப்பைத் தந்தது போலவே வேற்றாரை விலக்கியும் வைத்தது என்பதை மறைத்துவிட்டுப் போளின் அழகை மட்டும் பேசுவது நேர்மை ஆகாது.

1861-இல் ரண்சோட்லால் சோட்டாலால் தொடங்கிய நூற்பாலை இந்த நகரின் போக்கையே மாற்றியது. அடுத்த தலைமுறைகளில் அறுபதுக்கும் மேற்பட்ட ஆலைகள் மதிலுக்கு வெளியே புகைபோக்கிகளை எழுப்பின. இந்தியாவின் மான்செஸ்டர் என்ற பட்டப்பெயரும் வந்து ஒட்டிக்கொண்டது. போள்களிலிருந்த செல்வர் பலர் ஆலை முதலாளிகளாகி ஷாஹிபாகுக்கும், 1892-இல் எல்லிஸ் பாலம் எழுந்தபின் சாபர்மதி ஆற்றின் மேற்குக் கரைக்கும் படிப்படியாகக் குடிபெயர்ந்தனர். 1980-களில் ஆலைகள் வரிசையாக மூடப்பட்டபோது எஞ்சியிருந்தோரிலும் பலர் வெளியேறினர். வீடுகள் கிடங்குகளாகவும் பட்டறைகளாகவும் மாறின. பொதுச்சுவரோடு கட்டிய வீடுகளில் ஒன்றை இடித்தால் பக்கத்து வீடும் வலுவிழக்கும் என்பதால், போளில் எந்த ஒரு வீட்டின் விதியும் தனி விதியாக இருப்பதில்லை.

மாநகராட்சி 1996-இல் மரபுப் பிரிவு ஒன்றை அமைத்தது. 1997 நவம்பர் 19 முதல் காலூப்பூர் சுவாமிநாராயண் கோயிலிலிருந்து ஜாமா மசூதி வரை போள்களின் ஊடாக நடத்திச் செல்லும் மரபு நடையும் தொடங்கியது. 2001 ஜனவரி 26 நிலநடுக்கத்தில் புதிய பகுதிகளின் அடுக்குமாடிக் கட்டடங்கள் பல சரிந்து வீழ்ந்தபோது, மரச்சட்டத்தைச் செங்கல்லோடு கோத்துக் கட்டிய போள் வீடுகளில் பெரும்பாலானவை நின்றன. இடித்துவிட்டுக் கட்டு என்று சொல்லி வந்தவர்களுக்கு அதைவிட நல்ல விடை கிடைத்திராது. 2017 ஜூலையில் யுனெஸ்கோ மதிலுக்குள் அடங்கிய நகரை உலக மரபுப் பட்டியலில் சேர்த்தது. அந்தப் பெருமையைப் பெற்ற முதல் இந்திய நகரம் அகமதாபாத்.

அச்செய்தி தமிழில் ‘பாரம்பரியச் சின்னம்’ என்று வந்த இடங்களில் பொருள் பிறழ்ந்தது. சின்னம் என்றால் ஒரு கோயில், ஒரு மசூதி, ஒரு வளைவு; வேலி போட்டுப் பெயர்ப்பலகை வைத்தால் அதைக் காத்துவிடலாம். மக்கள் உறங்கி எழும் ஓரிடத்துக்கு அந்தச் சொல் பொருந்தாது. ‘மரபு நகரம்’ என்றோ ‘மரபுக் குடியிருப்பு’ என்றோ எழுதுவதே தகும். கட்டடங்களை ஒவ்வொன்றாக எண்ணிப் பட்டியலிடும் காப்பு முறையிலும் இதே குறை உண்டு. செதுக்கிய முகப்புகள் பத்து நின்றாலும், வாயில் கடை முகப்பாகிவிட்டால் போள் என்ற சொல்லுக்குரிய பொருள் அங்கே இல்லை.

இதற்கு நேரான தமிழ்ச்சொல் எது? ‘தெரு’ ஆகாது, தெரு இரு முனையும் திறந்து யாரையும் நடக்கவிடும். குடிகள் சேர்ந்து வாழும் பகுதியைக் குறித்த ‘சேரி’ ஒரு காலத்தில் பொருந்தியிருக்கும். உத்தரமேரூர்ச் சபையின் கல்வெட்டு அந்தணர் ஊரின் பகுதிகளையே சேரி என்கிறது, இராசராசனின் தஞ்சைக் கல்வெட்டில் கம்மாணச்சேரி வருகிறது. ஆனால் பிற்காலத்தில் சாதி ஒடுக்குமுறை அச்சொல்லின்மேல் ஏற்றிவைத்த பொருளை இறக்கிவிட்டு இன்று அதைப் புதிதாக ஆள முடியாது. ‘வாசல்’ இன்னும் நெருங்கி வருகிறது. மதுரையின் தெற்குவாசலும் தஞ்சையின் கீழவாசலும் கோட்டை வாயிலின் பெயரால் வழங்கும் குடியிருப்புப் பகுதிகள். வாயிலின் பெயர் இடத்துக்கு ஆகி வந்த அதே பொருள் மாற்றம் நம்மிடமும் நடந்திருக்கிறது. ஆயினும் அது இடப்பெயர்களில் மட்டும் நிற்கிறது. ‘பத்து வாசல்கள்’ என்றால் எவருக்கும் குடியிருப்பு நினைவுக்கு வராது.

எஞ்சுவது ‘வளவு’. சூழ்தலைக் குறிக்கும் ‘வளை’ என்பதன் வழி வந்தது; ‘தெண்கடல் வளாகம்’ என்று புறநானூறு உலகைச் சுட்டும் வளாகமும் அதன் உறவே. திருநெல்வேலிப் பக்கம் ஒரே வாசலுக்குள் ஒட்டி அமைந்த வீடுகளின் தொகுதியை வளவு என்பர். செட்டிநாட்டில் அது வீட்டின் முற்றத்தைச் சார்ந்த உட்பகுதி. யாழ்ப்பாணத்தில் வேலி சூழ்ந்த வீட்டு நிலம். சிங்களத்தில் நிலக்கிழாரின் மாளிகையைக் குறிக்கும் ‘வளவ்வ’ இதிலிருந்து சென்றது என்பர். ஊருக்கு ஊர் அளவு மாறினாலும் சூழப்பட்டிருத்தல் என்ற கருத்து எங்கும் மாறவில்லை; போளின் உயிரான கருத்தும் அதுவே. பொருள் மயங்கும் இடத்தில் ‘வாயில்வளவு’ என்று அடைகொடுத்து எழுதலாம்.

பெயராக வருமிடத்தில் மூலச்சொல்லை அப்படியே வைப்பது நன்று. ‘மாண்ட்வி நி போள்’ என்பதில் ‘நி’ என்பது வேற்றுமை உருபு; எனவே ‘மாண்ட்வி போள்’ என்று எழுதினால் போதும், ‘மாண்ட்வினி’ என்று சேர்த்தெழுதக் கூடாது. நகரின் முதற்போள் எனச் சொல்லப்படும் ‘முகூரத் நி போள்’ நாம் நன்கறிந்த முகூர்த்தத்தையே பெயரில் கொண்டிருக்கிறது. ஆலைத் தொழிலாளர் மதிலுக்கு வெளியே கோம்தீப்பூர், ராகியால் பகுதிகளில் வாழ்ந்த ‘சாலி’களையும் சிலர் போள் என்றே எழுதிவிடுகிறார்கள். அது தவறு. வாடகைக்கென ஓர் அறை, ஈரறையாக வரிசையில் கட்டிய அவை போளைப் போல் வாயிலால் பெயர் பெற்றவை அல்ல. உலக மரபுப் பட்டியலின் எல்லைக்குள்ளும் அவை வரவில்லை. அவற்றுக்குக் கோவை ஆலைத் தொழிலாளர் நாவில் வழங்கும் ‘லைன் வீடு’ என்பதைவிடப் பொருத்தமான சொல் தமிழில் வேறில்லை.