காப்பகக் காட்சி: ‘ஆர்க்கைவ் ஃபுட்டேஜ்’ என்பதற்குரிய தமிழ்ச் சொல்

கொழும்பில் தொலைக்காட்சியிலும் விவரணப்படத் தயாரிப்பிலும் ஈடுபட்டுள்ள தமிழர்கள் ‘ஆர்க்கைவ் ஃபுட்டேஜ்’ என்றே சொல்லிப் பழகிவிட்டார்கள். முன்பு வேறொரு தேவைக்காகப் பிடிக்கப்பட்டு, பேணி வைக்கப்பட்டு, பின்னர் புதிய தயாரிப்பொன்றில் எடுத்தாளப்படும் அசையும் படப்பதிவே அது.

‘ஆர்க்கைவ்’ என்பதன் வேர், ஆட்சி அலுவலரின் மனையைக் குறித்த ‘ஆர்க்கெயொன்’ என்னும் கிரேக்கச் சொல். பொதுப் பத்திரங்கள் அங்கேதான் வைக்கப்பட்டிருந்தன. ‘ஃபுட்டேஜ்’ என்பது அடிக்கணக்கு. 35 மில்லிமீற்றர் படச்சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டகங்கள், அதாவது தனித்தனிப் படங்கள். செக்கனுக்கு 24 சட்டகங்கள் ஓடினால் ஒரு நிமிடத்துக்கு 90 அடி செல்லும். சுருள் வழக்கொழிந்த பின்னும் அப்பெயர் நிலைத்துவிட்டது.

தமிழில் ‘ஆவணக் காட்சி’ என்று எழுதினால் ஆவணப்படத்தில் வரும் காட்சி என்றே பலரும் கொள்வர். ‘பழைய காட்சி’ வயதை மட்டும் சொல்கிறது. இலங்கை அரச வழக்கில் ‘சுவடிகள்’ என்ற சொல் உண்டு. கொழும்பு 7இல் உள்ள தேசிய சுவடிகள் கூடத்தை அறியாதவர் குறைவு. ஆயினும் சுவடி என்றதும் ஏட்டுக்கட்டே மனத்தில் எழுவதால், அசையும் படத்துக்கு அது பொருந்தி வரவில்லை. ‘காப்பகக் காட்சி’ என்பதே என் தெரிவு. காத்தல் என்னும் வினை அதனுள் இருக்கிறது. அவ்வினை தவறினால் எடுத்தாள எதுவும் மிஞ்சாது.

அசிற்றேற்று என்னும் பிளாஸ்திக்கு வகையால் ஆன படச்சுருள் வெப்பத்திலும் ஈரப்பதத்திலும் சிதைந்து அசெற்றிக் அமிலத்தை வெளிவிடும். அத்தகைய தகரப் பெட்டியைத் திறந்த உடனேயே வினாகிரி நெடி மூக்கைத் துளைக்கும். சுருள் சுருங்கிப்போய், அதன் ஓரத் துளைகள் இயந்திரப் பற்களில் பொருந்த மறுக்கும். ஆண்டு முழுதும் புழுக்கம் நிறைந்த கொழும்பில், குளிரூட்டி உலரவைத்த அறையில்லாமல் படச்சுருளைப் பேணலாம் என எண்ணுவது வீண். மனிதர் செய்த அழிவோ இதனினும் கொடியது: 1983 யூலையில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டபோது சாம்பலானவற்றை எவராலும் மீட்க இயலாது.

தேடுவோரின் வேலை, காட்சி கைக்கு வந்ததும் முடிந்துவிடுவதில்லை. எப்போது, எங்கே, எவரால் பிடிக்கப்பட்டது என்பதை உறுதிசெய்து, உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி பெற வேண்டும். மேலொட்டிய சீட்டை மட்டும் நம்பலாகாது. காலிமுகத்திடலில் பிடித்த காட்சியொன்றின் பின்புறத்தில் கோட்டை உலக வர்த்தக மையத்தின் இரட்டைக் கோபுரங்கள் நிமிர்ந்து நின்றால், சீட்டில் 1983 என்றிருந்தாலும் அதை ஏற்க முடியாது. அக்கோபுரங்கள் திறக்கப்பட்டது 1997இல்.

இவ்வாறு தேடி, சரிபார்த்து, உரிமை பெற்றுத் தருபவரைக் ‘காப்பகக் காட்சி ஆய்வாளர்’ என்றும், சுருளையும் நாடாவையும் பேணுபவரைக் ‘காப்பாளர்’ என்றும் வழங்கலாம். படத்தின் இறுதிப் பெயர்ப்பட்டியலில் இருவரையும் ‘காட்சி உதவி’ என்ற ஒரே வரிக்குள் அடக்காமல் தனித்தனியே குறிப்பிடுவதே முறை.