சூரியன் சும்மா வருது, வட்டி சும்மா வருமா?

ராமநாதபுரம் மாவட்டம் கமுதியில 2016-ல ஒரு சோலார் பிளான்ட் திறந்தாங்க, 648 மெகாவாட், 2500 ஏக்கர், 4550 கோடி ரூபா செலவு, அப்போ ஒரே இடத்துல இருக்கிறதுல உலகத்துலயே பெருசு இதுதான்னு எல்லா நியூஸ்லயும் ஓடுச்சு. அந்த கரன்ட்டுக்கு நம்ம மின்வாரியம் ஒத்துக்கிட்ட விலை யூனிட்டுக்கு 7 ரூபா 1 பைசா. அடுத்த வருஷம் 2017 பிப்ரவரியில மத்தியப் பிரதேசத்துல ரீவாங்கற இடத்துல 750 மெகாவாட்டுக்கு ஏலம் விட்டாங்க, முதல் வருஷ விலை 2 ரூபா 97 பைசால போய் நின்னுச்சு.

பாதிக்கும் கம்மி! ராமநாதபுரம் வெயிலுக்கும் ரீவா வெயிலுக்கும் அவ்ளோ வித்தியாசம் கிடையாது. பேனல் விலை நடுவுல மளமளன்னு இறங்குனது உண்மை, கமுதிக்கான ரேட்டு 2014-ல ஒழுங்குமுறை ஆணையம் போட்ட பழைய ரேட்டுங்கறதும் உண்மை, அதனால ரெண்டையும் அப்படியே பக்கத்துல வச்சு கம்பேர் பண்றது முழுசா நியாயம் இல்ல. சரி, 2016 ஜனவரியில ராஜஸ்தான்ல வந்த 4 ரூபா 34 பைசாதான் அதுவரைக்கும் நாட்டுலயே கம்மி, அதோட வச்சுப் பாத்தாக்கூட ஒரே வருஷத்துல இது பெரிய சரிவு, பேனல் விலையை மட்டும் காட்டி இதை விளக்கிட முடியாது. மீதிய விளக்கணும்னா வட்டியப் பத்தி பேசணும். கார்பனைக் குறைக்கிறதுக்கு என்ன செலவாகும்னு எந்த ரிப்போர்ட்டை எடுத்தாலும் டெக்னாலஜி பத்தி பக்கம் பக்கமா இருக்கும், வட்டி ஏதோ கடைசி அட்டவணையில ஒரு வரியா உக்காந்திருக்கும், ஆனா எனக்கு என்னவோ மொத்தக் கதையே அந்த ஒரு வரியிலதான் இருக்குன்னு தோணுது.

ஏன்னு பாப்போம். நிலக்கரி பிளான்ட்ல தினம் தினம் நிலக்கரி வாங்கிப் போடுவாங்க, ஓட்டுன அளவுக்குத்தான் செலவு. சோலார்ல அப்படி இல்ல, 25 வருஷத்துக்குத் தேவையான அரிசியை ஒரே நாள்ல கடன் வாங்கி வாங்கிப் போடுற மாதிரி, எல்லா செலவும் முதல் நாளே முடிஞ்சுருது, அதுக்கப்புறம் பேனலைக் கழுவி விடுறது, இன்வெர்ட்டர் மாத்துறது, அவ்ளோதான். அப்ப கரன்ட்டோட விலைங்கறது என்ன? வாங்குன கடனைத் திருப்பிக் கட்டுற தவணைதான், பெரும்பாலும்.

ஒரு கணக்கு போடுறேன், நம்பர் எல்லாம் உத்தேசமா வச்சுக்கங்க. 1 மெகாவாட் சோலார் போட 4.5 கோடி, வருஷத்துக்கு 16 லட்சம் யூனிட் வருது, 25 வருஷம் சம தவணை, பராமரிப்பு செலவை விட்டுருவோம். 4 சதவீத வட்டிக்கு கடன் கிடைச்சா வருஷத் தவணை 28.8 லட்சம், யூனிட்டுக்கு 1 ரூபா 80 பைசா. அதே பேனல், அதே வெயில், 11 சதவீத வட்டின்னா தவணை 53.4 லட்சம், யூனிட்டுக்கு 3 ரூபா 34 பைசா. 4.5 கோடி பிளான்ட்டுக்கு மொத்தமா கட்டுறது 13 கோடிக்கு மேல போகுது. 4 சதவீதம்லாம் ஜப்பான், ஜெர்மனி பக்கம் சாதாரணமா பேசுற வட்டி, 11 சதவீதம் இங்க நம்ம ஊர் கம்பெனிங்க பேங்க்ல போய் நின்னா கேக்குற மாதிரியான வட்டி.

இப்போ ஏற்கனவே கட்டி முடிச்சு ஓடிக்கிட்டு இருக்கிற ஒரு நிலக்கரி பிளான்ட்டை எடுத்துக்குவோம், அதைக் கட்டுன காசு போனது போனதுதான், நிலக்கரி செலவு மட்டும் யூனிட்டுக்கு 2 ரூபா 20 பைசான்னு வச்சுக்குவோம். நிலக்கரியில ஒரு யூனிட் எடுத்தா கிட்டத்தட்ட 1 கிலோ கார்பன் டைஆக்சைடு போகும். சோலாரைக் கொண்டாந்து அதை நிறுத்துனா 4 சதவீத வட்டி ஊர்ல யூனிட்டுக்கு 40 பைசா லாபம், அதாவது ஒரு டன் கார்பனைக் குறைக்க ஆகுற செலவு மைனஸ் 400 ரூபா, குறைச்சதுக்கு கையில காசு வருது. 11 சதவீத ஊர்ல அதே டன்னுக்கு பிளஸ் 1140 ரூபா. மைனஸ் பிளஸ் ஆகுறதுக்கு நடுவுல வேற எதையுமே மாத்தல, வட்டியை மட்டும்தான் மாத்துனோம். ஒரு டன்னைக் குறைக்க இவ்ளோ டாலர் ஆகும்னு யாராவது ஒரே ஒரு நம்பரைச் சொன்னா எந்த வட்டிக்குன்னு திருப்பிக் கேளுங்க.

மைனஸ் செலவுன்னா சிலருக்கு நம்பிக்கை வராது. எல்இடி பல்பு அப்படித்தான். 2015 ஜனவரியில ஆரம்பிச்ச உஜாலா திட்டத்துல அரசு கம்பெனி கோடிக்கணக்குல மொத்தமா டெண்டர் விட்டுச்சு, 2014-ல 310 ரூபாய்க்கு வாங்குன பல்பு 2016-ல 38 ரூபாய்க்கு வந்துருச்சு. 36 கோடி பல்புக்கு மேல குடுத்துருக்காங்க. ஆனா அதுலயும் விலை இறங்குனதை விட முக்கியமான விஷயம் என்னன்னா ஆரம்பத்துல நிறைய பேர்கிட்ட மொத்த காசையும் கேக்கல, கரன்ட் பில்லோட மாசம் 10 ரூபான்னு கழிச்சாங்க. முதல் செலவை யாரோ ஒருத்தன் முன்னாடி போட்டான், மிச்சமாகுற காசுலருந்து எடுத்துக்கிட்டான்.

சரி ரீவாவுக்கு வருவோம். வட்டிங்கறது பயத்தோட விலை. கடன் குடுக்குறவன் எதுக்கு பயப்படுறான்? வெயில் அடிக்காதோன்னு யாரும் பயப்படல, கரன்ட் வாங்குற மாநில மின்வாரியம் ஒழுங்கா மாசா மாசம் பில்லைக் கட்டுமாங்கறதுதான் பயம். ரீவால அதுக்கு மூணு அடுக்கு போட்டாங்க, முதல்ல மின்வாரியத்தோட பேங்க் லெட்டர் ஆஃப் கிரெடிட் (அவங்க கட்டலைன்னா பேங்க் கட்டும்ங்கற உறுதிக் கடிதம்), அது பத்தலைன்னா தனியா ஒதுக்கி வச்ச ஒரு நிதி, அதுவும் தீந்துட்டா மாநில அரசாங்கத்தோட கேரண்டி. கரன்ட்டைக் கொண்டுபோற லைன் கட்டமைப்புல, அதான் கிரிட்ல, இடம் இல்லைன்னு பிளான்ட்டை நிறுத்தச் சொன்னா அதுக்கும் நஷ்டஈடு உண்டுன்னு ஒப்பந்தத்துலயே எழுதிட்டாங்க. கரன்ட்ல கால்வாசிய டெல்லி மெட்ரோ வாங்குது, அவங்க பில் கட்டுறதுல பெருசா யாருக்கும் சந்தேகம் இல்ல. உலக வங்கி குரூப்ல இருக்கிற ஐஎஃப்சிதான் ஒப்பந்தத்தை எழுத ஆலோசனை சொன்னது, சோலார் பார்க்குக்குள்ள லைன், சப்ஸ்டேஷன் போடுறதுக்கு உலக வங்கி கடனும் வந்துச்சு. ஏலத்துல வந்தவங்களுக்கு பயம் குறைஞ்சுது, விலையும் இறங்கிடுச்சு. வருஷம் 5 பைசா ஏத்துறதெல்லாம் சேத்து சராசரியாக்குனா 3 ரூபா 30 பைசா வருது, அப்பவும் சோலார்ல அது ரெக்கார்டு. அதே வருஷம் மே மாசம் ராஜஸ்தான் பட்லாவுல 2 ரூபா 44 பைசாக்கு போச்சு.

இதுல மானியம்னு பெருசா எதுவும் இல்லங்கறதை கவனிக்கணும். கேரண்டிங்கறது காகிதம், எடுத்து செலவு பண்ற நிலைமை வராம இருந்தா காசே ஆகாது.

இதுக்கு எதிர்ப்பக்கம் பாக்கணும்னா நாம எங்கயும் போக வேணாம். ஆரல்வாய்மொழி, முப்பந்தல் பக்கம் காத்தாலை வச்சிருக்கிறவங்ககிட்ட கேட்டா தெரியும், காத்தை நம்பலாம், மின்வாரியத்துலருந்து செக் எப்ப வரும்னு நம்ப முடியாதுன்னு சொல்ற அளவுக்கு பல வருஷமா பாக்கி நின்னுச்சு. தமிழ்நாடு மட்டும் இல்ல, 2022-ல எல்லா மாநிலமும் சேந்து மின் உற்பத்தியாளர்களுக்கு வைச்ச பாக்கி லட்சம் கோடியைத் தாண்டிருச்சு, அந்த வருஷம் மத்திய அரசு புது விதி போட்டு பாக்கி வச்சிருந்த 13 மாநிலங்களை ஆகஸ்ட்ல மின்சார சந்தையில வாங்க விடாம நிறுத்துச்சு, அதுல நாமளும் இருந்தோம். இன்னொரு பக்கம் ஆந்திராவுல 2019-ல புதுசா வந்த அரசு, பழைய அரசு கையெழுத்து போட்ட காத்தாலை சோலார் ஒப்பந்தங்களோட விலையைக் குறைக்கணும்னு கிளம்புச்சு. கேஸ் ஹைகோர்ட்டு வரைக்கும் போயி 2022-ல கம்பெனிங்க பக்கம்தான் தீர்ப்பு வந்துச்சு, ஆனா அந்த மூணு வருஷத்துல கடன் குடுக்குறவன் என்ன நினைச்சிருப்பான்? இந்தியாவுல 25 வருஷ ஒப்பந்தம்னா அடுத்த எலெக்ஷன் வரைக்கும்தான்னு நினைச்சா அதுக்கும் ஒரு அரை சதவீதம் சேத்துத்தான் வட்டி கேப்பான். அதோட விலை நம்ம பில்லுல வரும்.

அப்ப வெளிநாட்டுலயே கம்மி வட்டிக்கு வாங்கிடலாமேன்னு தோணும். பிரச்சனை என்னன்னா கடன் டாலர்ல, வருமானம் ரூபால. 2010-ல டாலர் 45 ரூபா பக்கம் இருந்துச்சு, 2024-ல 84. 5 சதவீதத்துக்கு வாங்குன கடன் ரூபா கணக்குல பாத்தா இன்னும் நாலஞ்சு சதவீதம் கூட ஆயிடும், அந்த ரிஸ்க்கை வேற யார் தலையிலயாவது கட்டணும்னா அதுக்கு தனியா காசு, கூட்டிப் பாத்தா உள்ளூர் பேங்க் வட்டிக்கே திரும்ப வந்து நிக்கும்.

உலக பருவநிலை மாநாட்டுல பேசுற கோடிகளும் இதே சிக்கல்தான். 2009 கோபன்ஹேகன்ல பணக்கார நாடுங்க 2020-க்குள்ள வருஷம் 100 பில்லியன் டாலர் தர்றோம்னாங்க, பணக்கார நாடுங்களோட அமைப்பான ஓஇசிடி கணக்குப்படி 2022-லதான் அதைத் தொட்டாங்க. அரசாங்கங்க வழியா வந்ததுல மூணுல ரெண்டு பங்கு கடன், தானம் இல்ல. தென்னாப்பிரிக்கா நிலக்கரியை விடுறதுக்கு 2021 கிளாஸ்கோவுல 8.5 பில்லியன் டாலர்னு அறிவிச்சாங்க, பிரிச்சுப் பாத்தா அதுல இலவசமா வர்றது 100-க்கு 4 மாதிரி, மீதி பெரும்பாலும் கடனும் கேரண்டியும்தான், ஏற்கனவே கடன்ல முழுகிக் கிடக்குற எஸ்காம்ங்கற அரசு மின்சார கம்பெனி இருக்கிற நாட்டுக்கு! 2024-ல பாகுவுல 2035-க்குள்ள வருஷம் 300 பில்லியன்னு முடிவாச்சு, இந்தியா சார்பா பேசினவங்க அதை வெறும் கண்கட்டு வித்தைன்னு அங்கயே மைக்ல சொன்னாங்க.

உள்ளூர்லயே காசு திரட்ட ஒரு வழி இருந்துச்சு. 2010-ல நிலக்கரி டன்னுக்கு 50 ரூபா செஸ், அதாவது கூடுதல் வரி, போட்டாங்க, 2016-ல அது 400 ஆச்சு. ஒரு டன் நிலக்கரி எரிச்சா ஒன்றரை டன்னுக்கு மேல கார்பன் டைஆக்சைடு, அப்ப கார்பன் டன்னுக்கு 250 ரூபா வாக்குல வரி. ஐரோப்பாவோட கார்பன் சந்தையில இதே டன்னோட விலை 2023 பிப்ரவரியில 100 யூரோவைத் தொட்டுச்சு. அந்தக் காசு சோலாருக்கே போயிருந்தா நம்ம கணக்குல இருந்த 1140 ரூபா இடைவெளியில கிட்டத்தட்ட கால்வாசி அடைஞ்சிருக்கும், ஆனா 2017-ல ஜிஎஸ்டி வந்ததும் அந்த செஸ், ஜிஎஸ்டியால வருமானம் குறையுற மாநிலங்களுக்கு இழப்பீடு குடுக்குற பையில போய் விழுந்துருச்சு.

அப்புறம் கிரீன் பாண்ட், பசுமைத் திட்டங்களுக்குன்னு கடன் திரட்ட விக்குற பத்திரம். 2023 ஜனவரியில மத்திய அரசு முதல் தடவையா 8000 கோடிக்கு வித்துச்சு, பச்சைப் பத்திரம்னா முதலீட்டாளருங்க கொஞ்சம் கம்மி வட்டிக்கே சம்மதிப்பாங்கன்னு எதிர்பார்ப்பு. சம்மதிச்சாங்க, 0.05, 0.06 சதவீதம் கம்மி. என் கணக்குல வட்டி 11-லருந்து 10 சதவீதமா இறங்குனா யூனிட்டுக்கு 24 பைசா குறையும், இந்த 0.06-க்கு கிட்டத்தட்ட ஒன்றரைப் பைசா. அடுத்தடுத்த ஏலத்துல அந்த ஒன்றரைப் பைசாவும் நிலைக்கல.