தொண்டையைக் கிழித்தால் பாட்டுக்கு உற்சாகம் வந்துவிடாது

இந்த வருஷத்தில் இது நாலாவது தொண்டை. நான் டாக்டர் இல்லை. பாளையங்கோட்டையில் வீட்டு மாடியில் ஒரு சின்ன ரெக்கார்டிங் ஸ்டூடியோ வைத்துப் பிழைக்கிறவன். ஆனால் பாடுகிறவர்கள் டாக்டரிடம் போவதற்கு முன்னால் என்னிடம்தான் வருகிறார்கள், "அண்ணாச்சி, கொரலு லேசா கட்டிருக்கு, மிக்சிங்ல சரி பண்ணிருங்க" என்று. கட்டின குரலை மிக்சிங்கில் அவிழ்க்க முடியாது. இதைச் சொல்லிச் சொல்லி என் குரல் கட்டிக்கொள்ளும்போல இருக்கிறது, அதனால் எழுதிவிடுகிறேன்.

நாலாவதாக வந்தது ஆலங்குளம் பக்கத்துப் பிள்ளை. 23 வயசு. பகலில் ஜவுளிக்கடையில் பில் போடுகிற வேலை, ராத்திரியில் கிட்டார். அவளே எழுதி அவளே மெட்டுப் போட்ட பாட்டு. அவள் அம்மா பீடி சுற்றுகிறவர். அந்தத் தொழிலில் கூலி 1,000 பீடிக்கு இவ்வளவு என்றுதான் கணக்கு, ஆகவே அந்த வீட்டுப் பேச்செல்லாம் "ஆயிரம் முடிஞ்சிட்டா?" என்பதையே சுற்றி வரும். அதைத்தான் பல்லவி ஆக்கியிருந்தாள். ஆயிரம் முடிகிறபோது விடிந்திருக்கும், தட்டை இறக்கி வைத்துவிட்டு நிமிர்ந்து பார்த்தால் வாசலில் வெயில் நிற்கும் என்று போகிறது பாட்டு. அழுகைப் பாட்டே இல்லை, கேட்டால் நமக்கும் முதுகு நிமிர்கிறது. திண்ணையில் உட்கார்ந்து போனில் பதிந்திருந்தாள், பக்கத்தில் அம்மா இலை வெட்டுகிற கத்திரிச் சத்தம் ஏறக்குறையத் தாளத்தோடு விழுகிறது. நான் மூன்று தடவை போடச் சொல்லிக் கேட்டேன்.

இதையெல்லாம் அவள் எனக்கு வாயால் சொல்லவில்லை. எழுதிக் காட்டினாள். பேச்சு வரவில்லை.

நடந்தது இதுதான். ஆல்பம் சாங் பண்ணலாம் என்று (ஒற்றைப் பாட்டுக்கும் நம் ஊரில் ஆல்பம் சாங் என்றுதான் பெயர், இருக்கட்டும்) வெளியூரில் ட்ராக் போட்டுக் கொடுக்கிற ஒருவரிடம் கொடுத்திருக்கிறாள். அவர் கேட்டுவிட்டு, பாட்டு நல்லாயிருக்கு, எனர்ஜி பத்தலை, ஜனங்க எந்திரிச்சு ஆட வேண்டாமா என்று சொல்லி, அவள் 5 கட்டை ஸ்ருதியில் பாடியதை 6½ கட்டைக்கு ஏற்றி, வேகத்தையும் நிமிஷத்துக்கு 84 தட்டிலிருந்து 104 ஆக்கி ட்ராக் அனுப்பிவிட்டார். அந்தப் பல்லவி மேல் ஸ்தாயிப் பஞ்சமத்தில், அதாவது மேலே இருக்கிற 'ப'-வில் போய் நிற்கிற பல்லவி. 5 கட்டையில் அந்த இடத்துக்குக் குரல்நாண் வினாடிக்கு 587 தடவை அதிர்கிறது, 6½ கட்டையில் 698. அதையும் மெதுவாக இல்லை, கத்திப் பாட வேண்டும், ஏனென்றால் எனர்ஜி. தெரிந்தவர் வீட்டு அறையில் இரண்டு நாள், நாளைக்கு ஆறு மணி நேரம், 40 டேக்குக்கு மேலே பாடியிருக்கிறாள். மூன்றாம் நாள் காலையில் அம்மாவைக் கூப்பிட வாயைத் திறந்தால் காற்றுதான் வந்திருக்கிறது.

உற்சாகமான பாட்டு என்றால் உச்சத்தில், உரக்க, வேகமாக இருக்க வேண்டும் என்று யார் உங்களுக்குச் சொன்னது? இதுதான் எனக்கு எரிச்சல் கிளப்புகிற விஷயம், ஆகவே கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

இந்த எண்ணம் நம் பக்கத்தில் எங்கிருந்து வருகிறது என்று எனக்குத் தெரியும். கொடை. ஊர்க் கோயில் திருவிழாவைத்தான் நாங்கள் கொடை என்போம். ஊர்க் கொடை என்றால் மூன்று நாள் ஸ்பீக்கர் அலறும், அலறினால்தான் கொடை நடப்பதாகவே பக்கத்து ஊர்க்காரன் ஒத்துக்கொள்வான். சின்ன வயசிலிருந்து நமக்குச் சந்தோஷமும் சத்தமும் ஒன்றாகவே காதுக்குள் போயிருக்கிறது. சரி, அதே கொடையில் வில்லுப்பாட்டு நடக்கும்போது கொஞ்சம் காதைக் கொடுத்துக் கேட்டுப் பாருங்கள். புலவர் பெரும்பாலான நேரம் நடு ஸ்தாயியில், பேச்சுக்குப் பக்கத்தில்தான் பாடுகிறார். ராத்திரி முழுக்கப் பாட வேண்டியவர், தொண்டையை முதல் கால் மணி நேரத்தில் செலவழிக்க மாட்டார். அவர் ஒரு அடி சொல்ல, பின்னால் இருக்கிறவர்கள் "ஆமா" என்று வாங்குகிறார்கள், கடைசி அடியை நாலு பேரும் சேர்ந்து திருப்பிப் பாடுகிறார்கள், குடம் அடிக்கிறவர் அந்த இடத்தில் மட்டும் கையை நெருக்குகிறார். கூட்டம் நிமிர்ந்து உட்காருவது அங்கேதான். ஒருவர் ஏறியதால் வந்த நிமிர்ச்சி இல்லை அது, நாலு பேர் சேர்ந்ததால் வந்தது. ஸ்ருதி முதலில் இருந்த இடத்திலேயேதான் இருக்கிறது.

உடனே ஒருவர் கிளம்புவார், "எங்க செங்கோட்டை கிட்டப்பா மைக்கே இல்லாம உச்சத்துல பாடலியா?" என்று. பாடினார், யார் இல்லை என்றது? எஸ்.ஜி. கிட்டப்பா 1906-ல் பிறந்து 1933-ல் போய்விட்டவர். நாடகக் கொட்டகையில் கடைசி வரிசையில் சோடா குடித்துக்கொண்டிருக்கிறவனுக்கும் கேட்க வேண்டும், மைக் இல்லை, ஆகவே அந்தக் குரல் அங்கே வேலைக்கு வேண்டியிருந்தது. அதற்கென்று சிறுவயசிலேயே மேடையேறிப் பழகிய தொண்டை. உங்கள் வாய்க்கு முன்னால் ஆறு அங்குலத்தில் ஒரு கன்டென்சர் மைக் நிற்கிறது, நீங்கள் எச்சில் விழுங்குவதுகூட அதற்குக் கேட்கும். அதற்குமா கடைசி வரிசை?

அடுத்தது மாஸ்டரிங்கில், அதாவது பாட்டை வெளியிடுவதற்கு முந்தின கடைசி வேலையில் நடக்கிற கூத்து. "அண்ணே, மத்த பாட்டெல்லாம் சத்தமா கேக்கு, நம்மது கம்மியா இருக்கு, ஏத்துங்க." ஏற்றலாம். லிமிட்டரை (உச்சங்களை நசுக்கி மொத்தச் சத்தத்தை ஏற்ற உதவுகிற கருவி) அழுத்தி மைனஸ் 7 எல்யுஎஃப்எஸ் (பாட்டின் சத்தத்தை அளக்கிற அளவு) வரைக்கும் கொண்டுபோகலாம். கொண்டுபோய் ஸ்பாட்டிஃபையில் போட்டால் அது வழக்கமாக மைனஸ் 14-ஐ அளவாக வைத்து எல்லாப் பாட்டையும் சமப்படுத்துகிறது, ஆகவே உங்கள் பாட்டை 7 டெசிபல் இறக்கிவிடும். சத்தம் போச்சு. லிமிட்டரில் நசுங்கினது மட்டும் நசுங்கியபடியே இருக்கும். பல்லவி வரும்போது பாட்டு விரிய வேண்டும், ஆனால் சரணமே பல்லவி அளவுக்கு வீங்கி நிற்கிறது, அப்புறம் எங்கே விரிய? இரண்டு மிக்ஸைப் பக்கத்தில் பக்கத்தில் போட்டால் சத்தமானதுதான் நன்றாக இருப்பதாக எல்லார் காதுக்கும் தோன்றும், என் காதுக்கும் தோன்றும். சத்தம் குறைந்தால் அடித்தொனியும் கூர்மையும் காதுக்கு அதிகமாகக் குறைந்து கேட்கும் என்று ஃப்ளெட்சர், மன்சன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் 1933-லேயே அளந்து காட்டிவிட்டார்கள். ஆகவே இரண்டையும் ஒரே அளவுக்குக் கொண்டுவந்து வைத்துக் கேளுங்கள். இதைச் செய்யாமல் என்னிடம் சண்டைக்கு வராதீர்கள்.

குரலுக்கு வருகிறேன். அந்தப் பிள்ளையைக் கையோடு காது மூக்கு தொண்டை டாக்டரிடம் அனுப்பினேன். மூக்கு வழியாகக் குழாய்க் கேமரா விட்டுப் பார்த்துவிட்டு, குரல்நாண்கள் வீங்கியிருக்கின்றன, இரண்டு பக்கமும் சின்னதாக முடிச்சுப் போடத் தொடங்கியிருக்கிறது, இப்போதே வந்ததால் பயிற்சியில் சரியாகிவிடும் என்றார். அவள் அதுவரைக்கும் என்ன செய்துகொண்டிருந்தாள் தெரியுமா? சுக்குக் காப்பி, மிளகு, பனங்கற்கண்டு, காரமான மிட்டாய். எல்லாம் நல்லதுதான், தொண்டைக்கு இதம், நானும் குடிக்கிறேன். ஆனால் விழுங்குகிற எதுவும் குரல்நாணில் படுவதில்லை, அது போகிற பாதை வேறு. பட்டால் புரையேறும்! அதைவிட மோசம், குரல் போய்விட்டது என்று ஒரு வாரம் எல்லாரிடமும் ரகசியம் பேசுவதுபோலப் பேசியிருக்கிறாள். அழுத்தமான கிசுகிசுப்பும் நாணுக்கு ஓய்வு இல்லை. ஓய்வு என்றால் வாயை மூடுவது. செருமிச் செருமித் தொண்டையைச் சுத்தம் பண்ணுகிறவர்களுக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன், செருமுகிற ஒவ்வொரு தடவையும் இரண்டு நாணும் மோதுகின்றன. ஒரு வாய்த் தண்ணீர் குடியுங்கள், போய்விடும்.

குரல் கம்மல் மூன்று வாரத்தைத் தாண்டினால் டாக்டரிடம் போயே ஆக வேண்டும். பாடிக்கொண்டிருக்கும்போது சட்டென்று குரல் அறுந்துபோனால் மூன்று வாரமெல்லாம் காத்திருக்கக் கூடாது, அந்த நிமிஷமே நிறுத்திவிட்டு உடனே போங்கள். நாணுக்குள் ரத்தம் கசிந்திருக்கலாம், அதோடு இன்னும் ஒரே ஒரு டேக் என்று பாடினால் அப்புறம் ஒரு டேக்கும் இல்லை. "ரூமுக்கு வாடகை குடுத்துட்டோம்லா" என்பீர்கள். என் ஸ்டூடியோவாக இருந்தால் அந்தப் பணத்தை நான் திருப்பித் தருகிறேன், கிளம்புங்கள்.

ஸ்டூடியோவில் பார்த்துக்கொள்ள வேண்டியவை அதிகமில்லை. ஹெட்போனில் ட்ராக்கைக் குறையுங்கள். சுற்றிலும் இரைச்சலாக இருந்தால் மனுஷன் தன்னை அறியாமல் உரக்கப் பேசுவான், லொம்பார் என்ற பிரெஞ்சு மருத்துவர் 1911-ல் சொன்னது. காதுக்குள் ட்ரம்ஸ் இடித்துக்கொண்டிருந்தால் பாடுகிறவர் கத்தத்தான் செய்வார், அப்புறம் நான் இந்தப் பக்கம் உட்கார்ந்து மெதுவா பாடும்மா, மெதுவா பாடும்மா என்று கத்த வேண்டியிருக்கிறது. ஒரு காதை வெளியே எடுத்துவிட்டுப் பாடினாலும் சரிதான். முக்கால் மணி நேரம் பாடினால் கால் மணி நேரம் சும்மா இருங்கள், அந்தக் கால் மணி நேரத்தில் போனில் பேசாதீர்கள். கடைசிப் பல்லவி மாதிரி தொண்டையை வாங்குகிற இடத்தை முடிவில் வைத்துக்கொள்ளுங்கள், அன்றைக்கு அதோடு சரி. பத்து டேக்கில் வராதது 40-ஆவது டேக்கிலும் வராது, மறுநாள் காலையில் இரண்டாவது டேக்கில் வந்துவிடும். முதல் முதலில் போனில் பதிந்த பாட்டைத் தயவுசெய்து அழிக்காதீர்கள். உங்களுக்கு எந்தக் கட்டை, எந்த வேகம் என்று யாரும் பக்கத்தில் நின்று மிரட்டாதபோது உங்கள் உடம்பே எடுத்த முடிவு அதில்தான் இருக்கிறது. ட்ராக் போடுகிறவர் கட்டையை ஏற்றச் சொன்னால், முதலில் அவரை அந்தப் பல்லவியைப் பத்துத் தடவை பாடிக் காட்டச் சொல்லுங்கள்.

அவள் இரண்டு மாசம் பேச்சுப் பயிற்சிக்குப் போனாள். நல்ல பிள்ளை, சொன்னதைக் கேட்டாள், கடையில்கூடச் சிலேட்டு வைத்துக்கொண்டு பில் போட்டாளாம். திரும்பி வந்ததும் பழைய ட்ராக்கைத் தூக்கிப்போட்டுவிட்டு 5 கட்டையிலேயே, 84-லிருந்து 88 வரைக்கும் மட்டும் நகர்ந்து தொடங்கினோம். முதல் சரணத்தில் கிட்டாரும் குரலும்தான். அந்த ட்ராக்கில் இருந்த உருமி சாம்பிளுக்குப் பதிலாக, மகுடம் என்கிற தோல் வாத்தியம் அடிக்கிற ஒருவரைக் கூப்பிட்டோம். வந்த நாள் ஐப்பசி மழை, தோல் தொய்ந்துவிட்டது, அவர் மாடிப்படியில் சட்டியில் ஓலையைக் கொளுத்தி வாட்டிக்கொண்டிருக்க, புகை மைக் அறை வரைக்கும் வந்து அரை நாள் போயிற்று. வந்த சத்தத்துக்கு அரை நாள் தரலாம். அவர் இரண்டாவது பல்லவி வரைக்கும் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும் என்றதும், இதுக்காய்யா அம்புட்டுத் தூரத்துலயிருந்து கூப்பிட்டீய என்று முறைத்தார். நுழைகிற இடம் வந்ததும் அவருக்கே புரிந்துவிட்டது.

அப்புறம் அந்த "ஆமா". அவள் அம்மாவும், கூடப் பீடி சுற்றுகிற மூன்று பேரும் ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறி வந்தார்கள். ஹெட்போன் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, நாலு பேரையும் ஒரே மைக்கைச் சுற்றி நிற்கவைத்து, அவள் பாட இவர்கள் வாங்க, மூன்று டேக். ஒருவருக்கும் ஸ்ருதி முழுசாகச் சேரவில்லை, நான் அதில் கை வைக்கவும் இல்லை. கடைசிப் பல்லவியில் ஐந்து குரலும் ஒன்றாகச் சேரும்போது அவள் உண்மையில் முன்னைவிடக் கொஞ்சம் மெதுவாகத்தான் பாடுகிறாள், கேட்கிறவர்களுக்கு அது பெரிதாக எழும்புவதாகத் தோன்றுகிறது. கத்திரிச் சத்தத்தைத் தனியாகப் பதிந்து ஷேக்கருக்குப் பதிலாகப் பாட்டு முழுக்கப் போட்டிருந்தேன், அதில் எனக்குக் கொஞ்சம் பெருமையும் இருந்தது.

முடிந்ததும் போட்டுக் காட்டினேன். நாலு பேரும் சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்கள். அவள் அம்மா மட்டும் கடைசி வரை கேட்டுவிட்டு, "பாட்டு நல்லாருக்கு தம்பி, கத்திரிதான் சத்தம் கூடிட்டு" என்றார்.

இரண்டு டெசிபல் குறைத்தேன்.