மரம் வெட்ட அனுமதி மறுத்தால் அது நீதிமன்ற அவமதிப்பா?

“அந்த ஆபீசரை எப்ப சார் உள்ள தள்ளுவாங்க?” மலை மாவட்டம் ஒன்றிலிருந்து வந்த பெரியவர் உட்காருவதற்கு முன்பே கேட்டார். கையில் உயர் நீதிமன்ற உத்தரவு, லேமினேட் செய்யப்பட்டிருந்தது. இரண்டு ஏக்கர் தேயிலை, நடுவே நிழலுக்கு நட்ட சில்வர் ஓக். வங்கிக் கடனை அடைக்க நாற்பது மரங்களை விற்க நினைத்தார்.

மலைப்பகுதியில் பட்டா நிலம் என்பதாலேயே மரத்தில் கை வைத்துவிட முடியாது. 1955ஆம் ஆண்டின் தமிழ்நாடு மலைப்பகுதி மரங்கள் பாதுகாப்புச் சட்டப்படி அதற்கான குழுவின் அனுமதி வேண்டும். இவர் மனு மாதக்கணக்கில் கிடந்தது. வேறொரு வக்கீல் மூலம் ரிட் (அதிகாரிக்கு உத்தரவிடக் கோரி உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டு உத்தரவும் வாங்கிவிட்டார். அதன் பிறகு வந்த பதில்: அனுமதி இல்லை.

“ஐயா, கடைசி பத்தியைப் படிங்க” என்றேன். ‘மனுவைப் பரிசீலித்து, சட்டப்படி எட்டு வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்.’ அவ்வளவுதான். அனுமதி கொடு என்று நீதிமன்றம் சொல்லவில்லை, முடிவெடு என்றுதான் சொன்னது. அவர்களும் முடிவெடுத்துவிட்டார்கள்.

ரிட்டில் இப்படி ஓர் உத்தரவு வாங்குவது சுலபம். அரசு வக்கீலும் எதிர்க்க மாட்டார், முதல் நாளிலேயே முடிந்துவிடும். கட்சிக்காரர் ஜெயித்ததாக நினைத்து ஸ்வீட் வாங்கிக் கொடுப்பார். இதில் எங்கள் தொழிலுக்கும் பங்கு உண்டு. உத்தரவில் என்ன இருக்கிறது என்று நாங்கள் பலர் விளக்கிச் சொல்வதில்லை.

1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் கேட்பது, வேண்டுமென்றே கீழ்ப்படியாமை நடந்ததா என்பதைத்தான். அதிகாரியின் முடிவு தப்பாகவே இருக்கலாம். ஆனால் உத்தரவுப்படி ஒரு முடிவு வந்துவிட்டால், அதை எதிர்க்க வேண்டிய இடம் புதிய வழக்குதான், அவமதிப்பு மனு அல்ல. ஜே.எஸ். பரிஹார் வழக்கில் 1996லேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. எட்டு வாரம் தாண்டியும் பதிலே இல்லையென்றால் கதை வேறு. அப்போது அவமதிப்பு மனு நிற்கும். அப்பீல் போட்டிருக்கிறோம் என்று சொல்லியும் தப்ப முடியாது, தடை உத்தரவு கையில் இருக்க வேண்டும்.

சரி, பெரியவருக்கு வந்த நிராகரிப்பு உத்தரவை மட்டும் எடுத்துப் பார்த்தோம். ‘நிலம் செங்குத்துச் சரிவு, மண் அரிப்பு ஏற்படும்’ என்று எழுதி, வனச்சரகரின் ஆய்வறிக்கை எண்ணைக் குறிப்பிட்டிருந்தார்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் அந்த அறிக்கையை வாங்கினோம். அதில் இருந்த உட்பிரிவு எண் பக்கத்துத் தோட்டத்துடையது. ஓடையை ஒட்டிய அந்த நிலம் நிஜமாகவே செங்குத்துதான். யாரோ தப்பான வேலிக்குள் நின்று அளந்திருக்கிறார்கள்.

நிலத்தின் எல்லையையும் அளவையும் காட்டும் எஃப்.எம்.பி. வரைபடத்தோடு இரண்டாவது ரிட் போட்டோம். இந்த முறை கேட்டது பரிசீலனை அல்ல. நிராகரிப்பை ரத்து செய்து, அனுமதி வழங்க உத்தரவிடக் கேட்டோம். நீதிமன்றம் அந்தச் சரிவுக் காரணத்தைத் தள்ளிவிட்டு, நான்கு வாரத்தில் அனுமதி வழங்கச் சொன்னது. சான்றிட்ட நகலைப் பதிவுத் தபாலில் அனுப்பினோம். ஒப்புகை அட்டையைக் கோப்பில் தைத்து வைத்தேன். நகல் போய்ச் சேர்ந்ததற்குச் சான்று இல்லையென்றால், ‘உத்தரவு எங்களுக்குக் கிடைக்கவே இல்லை’ என்ற பதில்தான் வரும்.

நான்காவது வாரம் பதில் வந்தது. அதே அறிக்கை, அதே சரிவு, அதே நிராகரிப்பு. நீதிமன்றம் தள்ளிய காரணத்தையே திரும்ப எழுதினால் அது முடிவல்ல, மீறல். இப்போதுதான் அவமதிப்பு மனு போட்டேன். ஓராண்டுக் கெடு இருக்கிறதே என்று கிடப்பில் போடவில்லை.

பெரியவர் ஜெயிலைப் பற்றியே கேட்டுக்கொண்டிருந்தார். சட்டத்தில் அதிகபட்சம் ஆறு மாதம் வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்பு உண்மையானது என்று நீதிமன்றம் நம்பினால் தண்டனையே இல்லாமலும் போகலாம். வனத்துறை விஷயத்தில் யாருமே உள்ளே போனதில்லையா என்றால், போயிருக்கிறார்கள். கூடலூர்க் காடுகளுக்காகத் தொடங்கிய கோதவர்மன் திருமுல்பாடு வழக்கின் உத்தரவை மீறியதற்காக, 2006இல் மகாராஷ்டிர அமைச்சர் ஸ்வரூப் சிங் நாயக்குக்கும் வனத்துறைச் செயலாளராக இருந்த அசோக் கோட்டுக்கும் உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தது. வேடிக்கை என்னவென்றால், அவர்கள் அனுமதியை மறுத்து மாட்டவில்லை. மரத்தொழில் ஆலைகளுக்கு அனுமதி கொடுத்து மாட்டினார்கள். மலையில் அதிகாரிகள் கையெழுத்துப் போடத் தயங்குவதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். எல்லாத் தயக்கமும் கெட்ட எண்ணம் அல்ல.

அதிகாரி நேரில் ஆஜராக வேண்டிய அன்று காலை பத்து மணிக்கு, கோர்ட் வராந்தாவில் வைத்தே அனுமதி உத்தரவைக் கொடுத்தார்கள். கூடவே நிபந்தனையற்ற மன்னிப்புடன் ஓர் அபிடவிட். பத்து நிமிடத்தில் மனு முடித்துவைக்கப்பட்டது. “அவ்வளவுதானா?” என்றார் பெரியவர்.

நான் உத்தரவின் இரண்டாம் பக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முப்பது நாளுக்குள் வெட்டி முடிக்க வேண்டும் என்று நிபந்தனை. அப்போது ஜூன் முதல் வாரம், மலையில் மழை பிடித்துவிட்டது. கெடுவை நீட்டிக்கக் கேட்டு அடுத்த மனுவை கேன்டீனில் உட்கார்ந்தே எழுதினோம்.