6-இன் வர்க்கமூலம் 2.4-ஆ, 2.5-ஆ?

"6-இன் வர்க்கமூலம் இரண்டு தசம இடத்திருத்தமாக 2.45. அதையே ஒரு தசம இடத்துக்குக் குறைத்தால் 2.5 தானே வரவேண்டும்? விடைப்பக்கத்தில் ஏன் 2.4 என்று போட்டிருக்கிறார்கள்?" என்று ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். விடைப்பக்கம் சொல்வதுதான் சரி. கால்குலேட்டரைத் தொடாமலே அதைக் காட்டிவிடலாம்.

6 என்பது 4-க்கும் 9-க்கும் இடையில் இருப்பதால் மூலம் 2-க்கும் 3-க்கும் இடையில் இருக்கும். 2.5 என்று ஊகிப்போம். 6-ஐ 2.5-ஆல் வகுத்தால் 2.4. ஒன்று கூடுதல், மற்றது குறைவு. உண்மையான மூலம் இவற்றுக்கு நடுவில் எங்கோ இருக்கிறது. சராசரி எடுத்தால் 2.45.

எனக்குப் பிடித்த இடம் இனிமேல்தான் வருகிறது. 2.5 நீளமும் 2.4 அகலமும் கொண்ட செவ்வகத்தை வரையுங்கள், பரப்பு 6. நீளத்தில் 0.05 அகலமுள்ள ஒரு பட்டையை வெட்டி, மீதியின் 2.45 நீளமுள்ள பக்கத்தில் ஒட்டுங்கள். 2.45 பக்கமுள்ள சதுரம் கிட்டத்தட்ட வந்துவிடும், ஒரு மூலையைத் தவிர. பட்டையின் நீளம் 2.4 மட்டுமே என்பதால் அங்கே 0.05-க்கு 0.05 அளவில் ஒரு சிறு சதுரம் காலியாக நிற்கும். அதன் பரப்பு 0.0025. ஆகவே 2.45-இன் வர்க்கம் 6.0025. பெருக்கிப் பார்க்கவே தேவையில்லை!

சமமில்லாத எந்த இரண்டு எண்களை எடுத்தாலும் இந்த மூலை காலியாகத்தான் இருக்கும். எனவே சராசரி எப்போதும் மூலத்தைவிடச் சற்று அதிகமாகவே விழும். எவ்வளவு அதிகம் என்பதையும் மூலையே சொல்லிவிடுகிறது: 0.0025-ஐ 2.45-இன் இருமடங்கான 4.9-ஆல் வகுத்தால் சுமார் 0.00051. அதைக் கழித்தால் 2.44949. உண்மை மதிப்பு 2.4494897... கிடைத்த சராசரியையே புதிய ஊகமாக வைத்து வகுத்துச் சராசரி எடுத்துக்கொண்டே போனால், ஒவ்வொரு சுற்றிலும் சரியான இலக்கங்கள் ஏறத்தாழ இரட்டிக்கின்றன.

அலெக்சாந்திரியாவின் கணித அறிஞர் ஹெரோன் முதலாம் நூற்றாண்டிலேயே இதை எழுதிவைத்தார். 720-இன் மூலத்தை 27 என்று ஊகித்து, 720-ஐ அதால் வகுத்து 26 2/3 பெற்று, இரண்டின் சராசரியாக 26 5/6 பெற்றார். அதன் வர்க்கம் 720-ஐ மிஞ்சுவது 1/36 மட்டுமே. 27-க்கும் 26 2/3-க்கும் உள்ள வித்தியாசத்தில் பாதி 1/6. அதன் வர்க்கம்தான் அந்த 1/36. அதே காலி மூலை. பள்ளியில் நீள் வகுத்தல் முறையை மந்திரம்போல் ஒப்பிக்க வைப்பதற்கு முன் இந்தப் படத்தைக் காட்டலாம் என்பது என் கட்சி.

இப்போது வாசகரின் கேள்விக்கு வருவோம். 2.45 என்பது மூலத்தைவிடப் பெரியது. அப்படியானால் மூலம் 2.4-க்கும் 2.5-க்கும் நடுப்புள்ளியான 2.45-ஐ எட்டவில்லை, 2.4-க்குத்தான் அருகில் இருக்கிறது. ஏற்கெனவே மேலே ஏற்றிய எண்ணை மறுபடியும் ஏற்றியதால் வந்த வினைதான் 2.5.

எத்தனை தசம இடம் கேட்டாலும் நடுப்புள்ளியை வர்க்கப்படுத்திப் பார்த்தால் போதும். இரண்டு இடங்களுக்கு 2.445-ஐச் சோதிப்போம்: வர்க்கம் 5.978025, அதாவது 6-க்குக் குறைவு. மூலம் அதற்கு மேலே இருக்கிறது, விடை 2.45. முழு வர்க்கமல்லாத எந்த முழு எண்ணின் மூலமும் விகிதமுறா எண், அதாவது அதன் தசமம் முடிவதே இல்லை. நடுப்புள்ளியோ முடிவுறு தசமம். இரண்டும் ஒருநாளும் ஒன்றாகாது. ஆகவே சரியாக 5-இல் நின்றால் மேலேயா, கீழேயா என்ற வழக்கமான தகராறு இங்கே எழுவதே இல்லை.